டேஞ்சர் மூஞ்சூறு

மூஞ்சூறை எலி என்று சொல்லிவிட்டு எங்கள் துறைமுகக் கிடங்கில் யாரும் நிம்மதியாக ஒரு டீ குடித்ததில்லை. ஃபோர்க்லிஃப்ட் ஓட்டிய மூஞ்சூறு அண்ணன் விட்டால்தானே! ஞானஸ்நானத்தில் வைத்த பெயர் ஒன்று அவருக்கு இருந்தது. அது சம்பளச் சீட்டோடு சரி. ராயபுரம் முழுக்க அவர் மூஞ்சூறு அண்ணன்தான்.

எல்லாம் அந்தமானிலிருந்து கப்பலில் வந்த மரச்சட்டங்களால் வந்த வினை. அவற்றை அடுக்கிய மூலையில் ஒரு மூஞ்சூறு ஓடியது. அந்த வாரம்தான் அண்ணன் செல்போனில் ஒரு வீடியோ பார்த்திருந்தார். அந்தமானில் ஒரு வகை மூஞ்சூறு உண்டாம், உலகத்தில் வேறெங்கும் இல்லையாம், அதுவும் அழிந்துகொண்டிருக்கிறதாம். வெறும் வாயை மெல்லுகிறவருக்கு அவல் கிடைத்துவிட்டது.

"மெய்யாலுமே சொல்றேன் நைனா, இத்து அந்தமான் பார்ட்டி. கப்பல் ஏறி வந்துகீது. நம்மூரு மூஞ்சியா அது?" என்றார் என்னிடம்.

மூஞ்சூறின் மூஞ்சியைப் பார்த்து ஊர் சொல்லும் அளவுக்கு கிடங்குக் குமாஸ்தாவான எனக்குப் படிப்பு இல்லை.

"அழிஞ்சிகினு வர்றதுக்கு இங்கிலீஸ்ல ஒண்ணு சொன்னானே, இன்னா அது?"

"எண்டேஞ்சர்டு."

"ஆங், அத்தான்!"

மறுநாள் காலை அந்த மூலையில் சிவப்புப் பெயிண்டில் ஓர் அட்டை தொங்கியது: 'டேஞ்சர்'. அவர் நினைவில் தங்கியது அவ்வளவுதான். லோடு ஆட்கள் கரண்ட் கசிகிறது என்று பதறி வெளியே ஓடினார்கள். எலக்ட்ரீஷியன் வந்து மெயினை இறக்கிவிட்டார். டிரெய்லர் லாரிகள் காசிமேடு வரைக்கும் வரிசை கட்டி நின்றன.

மேனேஜர் வந்தார். "யாருய்யா போர்டு வச்சது?"

"நாந்தான் சார். உள்ள மூஞ்சூறு கீது."

மேனேஜர் அட்டையைப் பிடுங்கி எறிந்தார். பிறகு, மறுநாள் காலை கிடங்கு முழுக்க எலி மருந்து வைக்கும்படி லோடு ஆள் முனுசாமியிடம் சொல்லிவிட்டுப் போனார்.

அண்ணன் முனுசாமியைப் பிடித்துக்கொண்டார். "டேய், சதுர்த்திக்குத் தெருவையே அடைச்சி பந்தல் போட்ற. உங்க சாமி ஏறிப்போற வண்டிக்கு நீயே மருந்து வப்பியா?" கழுத்தில் சிலுவையோடு அவர் கேட்டதற்கு முனுசாமி தலையைச் சொறிந்தான். "ஆர்டரு நைனா, நான் இன்னா பண்றது?"

ஒரே ஒரு வழிதான் இருந்தது. அது மெய்யாகவே அந்தமான் மூஞ்சூறு என்று தெரிந்தவர் யாராவது சொன்னால், வனத்துறை வரும், மருந்து நிற்கும். எனக்குப் பழக்கமான விலங்கியல் பேராசிரியர் ஒருவருக்குப் படம் அனுப்பினேன். சாயங்காலம் பதில் வந்தது. சிரிப்பதற்குத் தயாராக எல்லோரும் கூடிவிட்டார்கள். நான் படித்தேன்: "சாதாரண மூஞ்சூறு. சென்னையில் எல்லாச் சாக்கடையிலும் இருக்கும்."

அண்ணன் யாரையும் பார்க்கவில்லை. போய் ஃபோர்க்லிஃப்டில் ஏறினார். மூஞ்சூறு கூடு கட்டியிருந்த மரப் பலகைத்தட்டை அப்படியே தூக்கினார். முட்டை லோடு போல வண்டி ஊர்ந்தது. யாருக்கும் சிரிப்பு வரவில்லை. நாங்களும் பின்னால் நடந்தோம்.

வெளியே ஒரு டிரெய்லர்காரர் ஹாரனை அழுத்தினார். "இன்னா லோடு மாமு, இம்மாம் ஸ்லோவா போற?"

"ஃபேமிலி லோடுப்பா. ஹாரன் அடிக்காத."

கிடங்குக்குப் பின்னால் முள்ளுப் புதர் ஓரமாகத் தட்டை இறக்கினார். வெகுநேரம் ஒன்றும் அசையவில்லை. பிறகு தாய் வெளியே வந்தது. அதன் பின்புறத்தை ஒரு குட்டி கவ்வியிருந்தது, அந்தக் குட்டியை இன்னொன்று, அதை இன்னொன்று. ரயில் போல ஒரே வரிசையாகப் புதருக்குள் போய்விட்டன. முனுசாமி கன்னத்தில் போட்டுக்கொண்டான்.

எனக்கு மனசு கேட்கவில்லை. "அந்தமான் இல்லன்னு ஆயிப்போச்சே அண்ணா, அப்பால இன்னாத்துக்கு இத்தினி பேஜாரு?"

"நெறைய கீதுன்னா, செத்தா பரவால்லயா? நம்மளுந்தான் ராயபுரத்துல நெறைய கீறோம்."

அண்ணன் ஓய்வு பெற்று, மகளோடு எண்ணூர்ப் பக்கம் போய்விட்டார். அவர் வண்டியை இப்போது ஒரு புது ஆள் வேகமாக, ஒழுங்காக ஓட்டுகிறார். ஃபோர்க்லிஃப்ட் ஓட்டத் துறைமுகத்தில் ஆட்கள் நிறையவே இருக்கிறார்கள். எனக்குத்தான் அண்ணன் இல்லாத கிடங்குக்குள் போகப் பிடிக்கவில்லை.