ஒரு படத்துக்கு ஒரு பன்றி

ஹாங்காங்கில் பூஜை போடாமல் எவரும் கேமராவைத் தொடுவதில்லை. ஊதுபத்தி கொளுத்தி, முழுசாகச் சுட்ட பன்றியை இயக்குநர் வெட்டி, கேமராமேல் போர்த்திய சிவப்புத் துணியை உருவினால்தான் படம் தொடங்கியதாக அர்த்தம். இதுவரை யாருக்கும் தொந்தரவில்லை.

பன்னிரண்டு வருஷமாக அடுத்தவர் படங்களுக்கே எடிட்டிங் செய்துவந்த லாய் யிங் முதன்முதலாக ஒரு படம் இயக்கியிருந்தாள். ஒன்பதே நிமிஷம். ஒரு புகழ்பெற்ற காதல் படத்துக்குத் துணைப்படம். அந்தப் பெரிய படத்தில் ஓர் ஆணும் பெண்ணும் பதினோரு வருஷம் ஒரே படகில் போய்வருவார்கள், ஒரு வார்த்தை பேசமாட்டார்கள். உலகமே அழுது பரிசு கொடுத்தது. அதற்கப்புறம் ஊர் ஜோடிகள் பேசுவதையே அநாகரிகமென்று நிறுத்திவிட்டார்கள். லாய் யிங் படத்திலோ அதே இருவரும் டீக்கடையில் உட்கார்ந்து வயிறு குலுங்கச் சிரித்துப் பேசுவார்கள். பெரிய படத்தின் படப்பிடிப்பில் மிஞ்சிய அரை நாளில் எடுத்தது. வெள்ளிக்கிழமை திரைவிழா, அனுமதி முத்திரை மட்டும் பாக்கி.

துணைப்படப் பிரிவு அதிகாரி துங் கோப்பைப் புரட்டினார்.

"பன்றி எங்கேம்மா?"

"எந்தப் பன்றி சார்?"

"பூஜைச் சான்று, இணைப்பு ஏழு. பெரிய படத்துக்குப் பன்றி போட்டோ இருக்கு. இதுக்கு?"

"ரெண்டுக்கும் அதே பன்றிதான் சார்."

"ஒரே பன்றின்னா ஒரே படம். அப்போ பேசாத ஜோடி கடைசியில பேசிடுச்சுன்னு ஆகுது. அழுதவங்களுக்கு யாரும்மா பதில் சொல்றது? பரிசையெல்லாம் திருப்பிக் கொடுத்துடறீங்களா?"

"ஐயையோ! இது தனிப்படம் சார்."

"தனிப்படம்னா தனிப்பன்றி. என் கண்ணெதிர்ல நடக்கணும்."

புதன்கிழமை காலை அலுவலகக் கூடத்திலேயே பூஜை நடந்தது. லாய் யிங் பன்றியை வெட்டினாள், துணியை உருவினாள், முறைப்படி, மைக் இல்லாமல் கேமராவை மட்டும் ஓடவிட்டாள். எழுத்தர்கள் காகிதத் தட்டுகளோடு வரிசையில் நின்றார்கள்.

"இப்போ சரியா சார்?"

"பரம திருப்தி," என்றார் துங், மென்றுகொண்டே. "படம் பத்து இருபதுக்குத் தொடங்கியிருக்கு. அதுக்கு முன்னாடி எடுத்தது எதுவும் இதுல சேராது."

"சார், கதாநாயகி பாரிஸ் போயாச்சு! கதாநாயகன் அடுத்த படத்துக்கு மொட்டை போட்டுட்டான்! நான் எங்கே போவேன்?"

"மொட்டைக்கு இணைப்பு எதுவும் கிடையாதேம்மா."

லாய் யிங்குக்கு அழுகையும் ஆத்திரமும் முட்டிக்கொண்டு வந்தன. கேமரா இன்னும் ஓடிக்கொண்டிருந்தது. அதைப் பிடுங்கி அவர் மேஜைமேல் வைத்தாள். "பன்றிக்கு அப்புறம் எடுத்தது இதுதான். இதுவே படம். போடுங்க முத்திரையை!"

துங் நிமிஷங்களை எண்ணிப் பார்த்தார். ஒன்பது. போட்டுவிட்டார்.

வெள்ளிக்கிழமை லாய் யிங் கடைசி வரிசையில் தலை குனிந்து உட்கார்ந்திருந்தாள். திரையில் அரசு ஊழியர்கள் பேச்சுமூச்சில்லாமல் மென்றார்கள். துங் மூன்றாவது தட்டு வாங்கி, விரலைக் கோப்பில் துடைத்தார். விளக்கு எரிந்ததும் அரங்கமே எழுந்து நின்றது. கைதட்டல், விசும்பல். "மௌனத்துக்கு இவ்வளவு கொழுப்பா!" என்று ஒரு விமர்சகர் தேம்பினார்.

அவளை மேடைக்கு இழுத்துப்போய் மைக்கைக் கொடுத்தார்கள். "அந்த மூன்றாவது தட்டு எதைக் குறிக்குது மேடம்?" என்று கீழிருந்து ஒருவர் கேட்டார்.

'இது என் படமே இல்லை, என் படம் டப்பாவில் தூங்குகிறது' என்று கத்தத்தான் அவள் வாயைத் திறந்தாள். கைதட்டல் ஓயவில்லை. முன்வரிசையில் துங் கண்ணைத் துடைத்துக்கொண்டிருந்தார்.

"பிரிவை," என்றாள் லாய் யிங். அதை இருபது நிமிஷம் விளக்கவும் செய்தாள்.