வெட்டினது நான்தான்

கீய்ங்... கீய்ங்... கீய்ங்...

ஞாயிற்றுக்கிழமை மதியம், சாப்பிட்டுவிட்டுத் தெருவே கண்ணயர்ந்திருந்த நேரத்தில் அது ஆரம்பித்தது. கீழ்த்தளத்தில் டி.வி., ஃபிரிட்ஜ் விற்கும் கடை. அன்றைக்கு விடுமுறை. கடைக்குள் திருடன் இல்லை, பூனைகூட இல்லை. ஆனால் ஷட்டருக்கு மேலே இருந்த திருட்டு அலாரம் மட்டும் யாரோ அதன் கழுத்தைப் பிடித்துவிட்டதுபோல் அலறிக்கொண்டிருந்தது.

முதல் மாடியில் கட்டிங் மாஸ்டர் ஜன்னல் கதவைச் சாத்தினார். சத்தம் குறையவில்லை. திறந்தார். கூடவும் இல்லை.

"திறந்து வெச்சா காத்தாவது வரும். சாத்தினா கொஞ்சம் மனசுக்கு ஆறுதலா இருக்கும். ரெண்டும் சரிதான்" என்றார்.

அவர் வேலை பார்க்கும் தையல்கடையில் அவருக்கு 'ரெண்டும்சரி' என்றே பெயர். காலர் அகலமா, குறுகலா என்று கேட்டால் ரெண்டும் சரி என்பார். முதலாளி திட்டினாலும் சரி, பாராட்டினாலும் சரி.

"என்னங்க, கீழ போய் ஏதாவது செய்யுங்களேன்" என்றாள் மனைவி, தலையில் ஈரத்துண்டைக் கட்டிக்கொண்டு.

"மேனேஜருக்கு போன் பண்ணேனே. ரிப்பேர் ஆள் நாளைக்குத்தான் வருவானாம்."

"நீங்க என்ன சொன்னீங்க?"

"சரின்னேன். அவங்க பக்கமும் ஒரு நியாயம் இருக்கும் இல்ல?"

உள்ளறையிலிருந்து மகள் வந்தாள். காதில் பஞ்சு, கையில் வேதியியல் புத்தகம். மறுநாள் பரீட்சை. கண்ணெல்லாம் சிவந்திருந்தது.

"அப்பா! உலகத்துல எல்லார் பக்கமும் நியாயம் இருக்குப்பா. நம்ம பக்கம் மட்டும் கிடையாதா? வாழ்க்கைல ஒரே ஒரு தடவை, ஏதாவது ஒண்ணுல நீ உறுதியா நின்னு நான் பார்த்துடணும். அதுக்கப்புறம் ஃபெயிலானாக்கூட எனக்குக் கவலை இல்லை!"

மாஸ்டர் ஜன்னல் வழியே எட்டிப் பார்த்தார். எதிர்வீட்டு மாடியில் ஒருவர் தலையணையைத் தலைக்கு மேல் போர்த்தியிருந்தார். அலாரத்துக்கு நேர்கீழே, கடை வாட்ச்மேன் துண்டைக் காதோடு சுற்றிக்கொண்டு ஸ்டூலில் ஒடுங்கிக் கிடந்தார். பாவம், அந்த மனுஷனுக்கு எழுந்து போகவும் வழியில்லை.

சாணை பிடிப்பதற்காகக் கடையிலிருந்து கொண்டுவந்திருந்த பெரிய கத்திரி மேஜைமேல் இருந்தது. மாஸ்டர் அதை எடுத்தார். வைத்தார். மறுபடி எடுத்தார்.

"எங்க போறீங்க?" என்றாள் மனைவி.

"சும்மா... பார்த்துட்டு வரேன்."

அவர் படியிறங்கிப் போய்க் கொஞ்ச நேரத்தில் அலாரம் நின்றது. 'கீ' என்று ஆரம்பித்தது 'ய்ங்' என்று முடியவில்லை. தெரு முழுக்க ஜன்னல்கள் திறந்தன. யாரோ கைதட்டினார்கள்.

மாஸ்டர் மூச்சிரைக்க மாடியேறி வந்தார். சட்டை வியர்வையில் தொப்பலாக நனைந்திருந்தது. கையில் கத்திரி இல்லை.

மகள் வாசற்படியில் நின்றாள்.

"நீயாப்பா?"

அவர் வாயைத் திறந்தார். அவள் முகத்தைப் பார்த்தார். அந்த முகத்தில் இருந்த வெளிச்சத்தை இதுவரை அவர் வாங்கிக்கொடுத்த எந்தச் சைக்கிளும், எந்தக் கைக்கடிகாரமும் கொண்டுவந்ததில்லை. வாயை மூடிக்கொண்டார்.

"சத்தம் நின்னுடுச்சு இல்ல? போய்ப் படி."

மகள் அவரைக் கட்டிக்கொண்டாள். பஞ்சு ஒன்று காதிலிருந்து விழுந்தது.

மறுநாள் மாலை, அவள் பரீட்சை எழுதிவிட்டு வந்த கையோடு, கதவைத் தட்டிக்கொண்டு ஏட்டு வந்தார். கையில் பிளாஸ்டிக் பை. பைக்குள் கத்திரி.

"கடை அலாரத்தோட வயரை எவனோ துண்டா வெட்டிட்டான். மேனேஜர் கம்ப்ளெயின்ட் கொடுத்திருக்கார். இது ஷட்டர் ஓரமாக் கிடந்தது. தையல்கடை பேர் பொறிச்சிருக்கு. உங்களுதா?"

"அது வந்து... எங்க கடைல இந்த மாதிரி நிறைய..." என்று ஆரம்பித்தார் மாஸ்டர்.

"எங்கப்பாவோடதுதான்!" என்று உள்ளேயிருந்து குரல் வந்தது. மகள் நெஞ்சை நிமிர்த்திக்கொண்டு முன்னால் வந்தாள். "எங்கப்பாதான் வெட்டினார். தெருல ஒருத்தருக்கும் இல்லாத தைரியம் அவருக்கு இருந்துச்சு. எழுதிக்கோங்க."

மனைவி ஓடிவந்தாள். "ஐயா, அது சின்னப் பொண்ணு, ஏதோ உளறுது. இவராவது வெட்டறதாவது! இவருக்குத் துணிய வெட்டணும்னாலே கூட ஒரு ஆள் நின்னு தைரியம் சொல்லணும்."

ஏட்டு மாஸ்டரை மேலும் கீழும் பார்த்தார். அவருக்கும் நம்பிக்கை வரவில்லை. "நீங்க சொல்லுங்க. வெட்டினீங்களா, இல்லையா?"

மாஸ்டர் மனைவியைப் பார்த்தார். மகளைப் பார்த்தார்.

"ஆமா."

"எது ஆமா? வெட்டினதா, வெட்டாததா?"

"வெட்டினது."

மகள் சிரித்தாள். மனைவி தலையில் கைவைத்துக்கொண்டு உட்கார்ந்தாள்.

மனைவியின் தம்பி வக்கீல். ஸ்டேஷனுக்கு வந்து ஜாமீனில் எடுத்து, வீட்டுக்குக் கூட்டிவந்து, சோபாவில் உட்காரவைத்து வகுப்பெடுத்தான்.

"மாமா, போலீஸ்கிட்ட சொன்னது கோர்ட்டுல செல்லாது. கண்ணால பார்த்த சாட்சி கிடையாது. கத்திரிய வெச்சு மட்டும் கேஸ் நிக்காது, அதை யார் வேணும்னாலும் எடுத்திருக்கலாம். நான் ஒரு வழி வெச்சிருக்கேன். நீங்க செய்ய வேண்டியது ஒண்ணே ஒண்ணு. வாயைத் திறக்கக் கூடாது."

"என்ன வழி?"

"உங்க குணம்தான் மாமா. பொன்னு மாதிரி சாட்சி! இந்த ஊர்லயே இந்தக் காரியத்தைச் செய்ய முடியாத ஒரே ஆள் நீங்கதான்னு நிரூபிக்கப் போறேன்."

"சபாஷ்டா தம்பி" என்றாள் அக்கா.

மகள் எழுந்து உள்ளே போய்க் கதவைச் சாத்திக்கொண்டாள். மாஸ்டர் அந்தக் கதவையே பார்த்துக்கொண்டிருந்தார்.

விசாரணை நாளன்று தெருவே கோர்ட்டுக்கு வந்துவிட்டது. மகள் முன்வரிசையில் உட்கார்ந்திருந்தாள்.

முதலில் வாட்ச்மேனைக் கூப்பிட்டார்கள். போலீஸ் தரப்புச் சாட்சி. கூண்டில் ஏறும்போதே கைப்பிடிக் கம்பியை இறுகப் பிடித்துக்கொண்டார்.

"சம்பவத்தப்ப எங்க இருந்தீங்க?"

"தண்ணி குடிக்கப் போயிருந்தேங்க. நான் ஒண்ணும் பார்க்கலைங்க. சத்தியமா நான் அங்கயே இல்லைங்க" என்றவர் மாஸ்டர் பக்கம் திரும்பாமலே இறங்கிப் போனார்.

வக்கீல் மைத்துனன் உள்ளங்கைகளைத் தேய்த்துக்கொண்டான். அடுத்து அவனுடைய முறை. தையல்கடை முதலாளியைக் கூண்டில் ஏற்றினான்.

"ஐயா, இவர் எப்படிப்பட்டவர்?"

"தங்கமான மனுஷன். முதுகெலும்பு மட்டும்தான் கிடையாது" என்றார் முதலாளி உற்சாகமாக. "ஒரு தடவை சம்பளத்தை உயர்த்திக் கேட்க வந்தார். நான் பேச ஆரம்பிச்சேன். கடைசில, இருக்கறதே ஜாஸ்தின்னு சொல்லிட்டுப் போனார்."

கூட்டம் சிரித்தது. மகள் சிரிக்கவில்லை.

மனைவி ஏறினாள். "பொண்ணு பார்க்க வந்தப்ப என்னைப் பிடிச்சிருக்கான்னு கேட்டாங்க. எங்க அக்காவையும் பிடிச்சிருக்குன்னார். கடைசில எங்கப்பாதான் முடிவு பண்ணார்."

நீதிபதி அம்மாள் ஃபைலால் முகத்தை மறைத்துக்கொண்டார். தோள் மட்டும் குலுங்கியது. கோர்ட்டுச் சேவகரான டவாலி வெளிப்படையாகவே சிரித்தார். வயர் போன துக்கத்தில் இருந்த கடை மேனேஜர்கூடச் சிரித்துவிட்டார்.

மைத்துனன் கறுப்புக் கோட்டை இழுத்துவிட்டுக்கொண்டு முடிவுரைக்கு வந்தான்.

"கனம் நீதிபதி அவர்களே! இவர் மேல இதுவரைக்கும் ஒரு தண்டனையும் கிடையாது. காரணம், இவர் மனசுல இதுவரைக்கும் ஒரு தீர்மானமும் கிடையாது. ஒரு குத்தத்தைச் செய்யறதுக்கு முதல்ல மனசுல ஒரு எண்ணம் வேணும்னு சட்டம் சொல்லுது. அந்த எண்ணத்தைக் கையில பிடிச்சு வெச்சுக்கற சக்தியே இவருக்கு இல்லை. என் கட்சிக்காரர் ஒரு வெத்துக் காகிதம். அவ்வளவு தூய்மை!"

முன்வரிசையில் மகள் எழுந்தாள். பையைத் தோளில் மாட்டிக்கொண்டு, யாரையும் பார்க்காமல் வாசலை நோக்கி நடந்தாள்.

"நில்லுடி!"

கோர்ட்டே திரும்பிப் பார்த்தது. அந்தக் குரல் யாருடையது என்று மாஸ்டரின் மனைவிக்கே கொஞ்ச நேரம் புரியவில்லை.

"உட்காரு" என்றார் மாஸ்டர் குற்றவாளிக் கூண்டிலிருந்து. மகள் நின்ற இடத்திலேயே உட்கார்ந்தாள். அவர் நீதிபதி பக்கம் திரும்பினார். "அம்மா, வெட்டினது நான்தான்."

"மாமா!" என்று பாய்ந்தான் மைத்துனன்.

"நீ உட்காருப்பா."

"உங்க வக்கீல் உங்களைக் காப்பாத்திட்டு இருக்கார்" என்றார் நீதிபதி.

"அதைத்தான் நிறுத்தச் சொல்றேன். இதுக்கு மேல காப்பாத்தினா வீட்டுக்கு எடுத்துட்டுப் போக என்கிட்ட ஒண்ணும் மிச்சம் இருக்காது."

"நல்லா யோசிச்சுத்தான் சொல்றீங்களா?"

"யோசிக்கலை அம்மா. யோசிச்சிருந்தா ரெண்டும் சரின்னு சொல்லிட்டு உட்கார்ந்திருப்பேன்."

மைத்துனன் கடைசி அஸ்திரத்தை எடுத்தான். "அம்மா, என் கட்சிக்காரருக்குத் திடீர்னு மனநிலை சரியில்லை. டாக்டர்கிட்டக் காட்ட அவகாசம் வேணும்."

"மனநிலை இன்னைக்குத்தான்டா சரியா இருக்கு!" என்று மாஸ்டர் போட்ட போட்டில் டவாலி நிமிர்ந்து நின்றார்.

நீதிபதி ஃபைலைக் கீழே வைத்தார். "இந்தக் கோர்ட்டுல பொய் சொல்லித் தப்பிக்கப் பார்க்கறவங்களைத்தான் தினமும் பார்க்கறேன். சரி. செஞ்சதுக்கு வருத்தப்படறீங்களா?"

"இல்லை."

"வருத்தம்னு ஒரு வார்த்தை சொன்னா, எச்சரிக்கை பண்ணி அனுப்பிடலாம்."

"சொல்ல மாட்டேன் அம்மா. ஒரு தெருவே தலையைப் பிடிச்சுட்டு உட்கார்ந்திருந்தது. பிள்ளைங்க படிக்க முடியலை. வாய்விட்டுக் கேட்டா நாளைக்குப் பார்க்கலாங்கறாங்க. அந்த வயர் வெட்டப்பட வேண்டிய வயர். நாளைக்கு மறுபடியும் அலறினா, மறுபடியும் வெட்டத்தான் வேணும்."

பின்வரிசையில் யாரோ விசிலடித்தார்கள். எதிர்வீட்டுத் தலையணைக்காரர் எழுந்து நின்று கைதட்டினார். டவாலி "அமைதி, அமைதி" என்று கத்தியதில் சத்தம் இன்னும் கூடியது.

தீர்ப்பு வந்தது. குற்றவாளி. கோர்ட்டு கலையும்வரை சிறை. அதாவது, சாயங்காலம் நீதிபதி எழுந்து போகும்வரை அதே அறையில் பின்பெஞ்சில் உட்கார்ந்திருக்க வேண்டும்.

மாஸ்டர் ராஜநடையாக நடந்துபோய்ப் பெஞ்சில் அமர்ந்தார்.

"கெடுத்துட்டீங்களே மாமா" என்று காதருகே புலம்பினான் மைத்துனன். "சுத்தமா இருந்த பேருல இப்ப ஒரு தண்டனை ஏறிடுச்சு. வாழ்நாள் பூரா கூடவே வரும்."

"நிஜமாவா? அப்பீல், கிப்பீல்னு போய் யாரும் அழிச்சுட முடியாதே?"

"நீங்க போகலைன்னா யார் போறது?"

"அப்ப சரி" என்றார் மாஸ்டர் திருப்தியாக.

முதலாளி வந்து நின்றார். முகம் கடுகடுவென்றிருந்தது. "தண்டனை ஆன ஆளை எல்லாம் நான் கடைல வெச்சுக்க முடியாது, பார்த்துக்கோங்க."

"வெச்சுக்காதீங்க. தெருவுக்கு ரெண்டு தையல்கடை இருக்கு. இருக்கற சம்பளம் எனக்கு ஜாஸ்தியும் இல்லை."

முதலாளி ஒரு அடி பின்வாங்கினார். கடையில் வெட்டாமல் குவிந்து கிடக்கும் துணிகள் கண்முன் வந்திருக்க வேண்டும். "கோபத்துல பேசாதீங்க மாஸ்டர். திங்கக்கிழமை வந்துடுங்க. சம்பளத்தைப் பத்தியும் பேசிக்கலாம்" என்று முணுமுணுத்துக்கொண்டே நழுவினார்.

மனைவி முறைத்தாள். "இத்தனை நாளா இந்தக் குரலை எங்க ஒளிச்சு வெச்சிருந்தீங்க?" என்று கேட்டுவிட்டு, சாப்பாடு வாங்கிவரத் தம்பியோடு கிளம்பினாள். போகும்போது ஒருமுறை திரும்பிப் பார்த்தாள். அது முறைப்பு இல்லை.

மகள் பக்கத்தில் வந்து உட்கார்ந்து அவர் தோளில் சாய்ந்துகொண்டாள்.

"அப்பா, நீ பெரிய ஆளுப்பா."

அவர் லேசாக இருமினார்.

"இரு, தண்ணி கொண்டு வரேன்" என்று எழுந்து வெளியே ஓடினாள்.

அவள் போகட்டும் என்றே காத்திருந்ததுபோல் வாட்ச்மேன் ஓசையில்லாமல் வந்து பெஞ்சின் ஓரத்தில் உட்கார்ந்தார். தொப்பியைக் கழற்றி மடியில் வைத்துக்கொண்டார். கண் கலங்கியிருந்தது. சுற்றுமுற்றும் பார்த்துவிட்டு, மாஸ்டரின் காதருகே குனிந்தார்.

"அண்ணே, வெட்டலாமா வேணாமான்னு நீங்க கத்திரிய வெச்சுட்டு யோசிச்சுட்டே நின்னீங்க, நான்தானே அதைப் பிடுங்கி வெட்டினேன்... எதுக்குண்ணே என் தண்டனைய நீங்க வாங்கிக்கிட்டீங்க?"