கண்ணு அக்காவும் மாறுகண் பொம்மைகளும்

விருத்தாசலத்தில் வெயிலுக்குப் பயப்படாதவர்கள் உண்டு, போலீசுக்குப் பயப்படாதவர்களும் உண்டு. கண்ணு அக்காவுக்குப் பயப்படாதவர் எங்கள் பீங்கான் பொம்மை ஷெட்டில் ஒருவர்கூடக் கிடையாது. முதலாளியையும் சேர்த்துத்தான் சொல்கிறேன்.

பொம்மைகளுக்குக் கண் எழுதுவது அக்காவின் வேலை. சொந்தப் பெயர் சம்பளம் போடுகிறவருக்கே மறந்திருக்கும். கண் எழுதும்போது எதிரே யாரும் நிற்கக் கூடாது என்பது அவர் போட்ட சட்டம். ஒருநாள் முதலாளி நின்றுவிட்டார்.

"தள்ளுங்க மொதலாளி. கண்ணு தொறந்ததும் மொதல்ல உங்க மூஞ்சியப் பார்த்தா புள்ளையாரு பயந்துடுவாரு."

அன்றிலிருந்து முதலாளி சுவரோரமாகத்தான் நடக்கிறார்.

அப்பேர்ப்பட்ட அக்கா எழுதிய பொம்மைகள் ஒரு திங்கட்கிழமை என் பேக்கிங் மேசைக்கு மாறுகண்ணோடு வந்தன. கிருஷ்ணர் ஒரு கண்ணால் வெண்ணெயையும் மறு கண்ணால் வாசலையும் பார்த்தார். தவில்காரருக்கு இரண்டு கண்ணும் மூக்கின் மேலேயே இருந்தன. ஷெட்டே சிரித்தது. நானும் சிரித்துக்கொண்டே அக்காவிடம் போனேன். அவர் இடது கையால் எழுதிக்கொண்டிருந்தார். வலது மணிக்கட்டு வீங்கி, நீலம் பாரித்துக் கிடந்தது.

"வழுக்கி வுழுந்துட்டேன்டி" என்றார், நான் கேட்காமலே.

ஷெட்டையே நடுங்க வைத்தவர் வீட்டில் ஒருவருக்கு நடுங்கிக்கொண்டிருந்தார் என்பது அப்போதுதான் புரிந்தது.

மறுபடி 'வழுக்கிய' அன்று அக்கா நேராக மகளிர் ஸ்டேஷனுக்குப் போனார். வீட்டுக்காரர் மேல் கொடுமை வழக்கு பதிவானது. அவர் ஜாமீனில் வந்து சேத்தியாத்தோப்பில் தம்பி வீட்டில் ஒடுங்கினார். குடியை விட்டார், நெல் மண்டியில் வேலைக்குச் சேர்ந்தார், பெரியவர்களைக் கூட்டி வந்து மன்னிப்புக் கேட்டார். அக்கா பல மாதம் யோசித்துவிட்டுச் சேர்ந்து வாழச் சம்மதித்தார்.

சமாதானம் ஆனதும் வழக்கும் தானாகப் போய்விடும் என்று நினைத்தோம்.

"நீங்களா வாபஸ் வாங்க முடியாதும்மா" என்றார் வக்கீல். "ஹைகோர்ட்டுதான் ரத்து பண்ணணும். ரெண்டு பேரும் ஜட்ஜ் முன்னாடி நின்னு சொல்லணும்."

துணைக்கு என்னை இழுத்துக்கொண்டு சென்னைக்குக் கிளம்பினார் அக்கா.

ரயிலில் வீட்டுக்காரரைப் பார்க்க வேண்டுமே! அக்காவின் பையைக் கீழேயே வைக்கவில்லை, கைக்குழந்தை போல மடியில் வைத்திருந்தார். "காத்து வருதுங்களா? ஜன்னலத் தொறக்கட்டுங்களா?" கட்டிய மனைவிக்கு இத்தனை 'ங்க' போடும் ஆளை எங்கள் பக்கத்தில் நான் கண்டதில்லை. அவர் டீ வாங்க எழுந்து போனதும் அக்கா என் காதோரம் குனிந்தார்.

"கேசு இருக்குது, பையத் தூக்குறாரு. கேசு போயிட்டா?"

டீ வந்தது, எனக்குத் தொண்டையில் இறங்கவில்லை.

நீதிபதி அக்காவைப் பார்த்துக் கேட்டார்: "யாராவது மிரட்டிச் சம்மதிக்க வச்சாங்களாம்மா?"

அக்கா வீட்டுக்காரர் கையில் இருந்த தன் பையைப் பார்த்தார். வக்கீல் இருமினார். வீட்டுக்காரர் பையை மார்போடு இறுக்க, உள்ளே இருந்த தண்ணீர் பாட்டில் நெரிபட்டுக் கடகடத்தது. சம்மதம் என்று சொல்லிவிடு என எனக்குள் ஒரு மனம், சொல்லாதே என்று ஒரு மனம்.

"மிரட்டலைங்கய்யா, மனசாரதான் வந்தேன். ஒண்ணே ஒண்ணு கேட்டுக்கறேன். இந்தக் கேசு முடிஞ்சப்புறம் அவரு மறுபடி கை வச்சாருன்னா நான் வாய மூடிக்கிட்டு இருக்கணுமா?"

"இல்லம்மா. பழைய கேஸ்தான் முடியுது. புதுசா எதாவது நடந்தா புதுசா புகார் குடுக்கலாம்."

அக்கா வீட்டுக்காரர் பக்கம் திரும்பினார். "கேட்டுச்சுங்களா?"

"கேட்டுச்சுங்க" என்றார் அவர். சுவரோரம் நடக்கும் எங்கள் முதலாளியின் முகம் அப்படியே அவருக்கும் வந்திருந்தது.

"அப்ப சம்மதங்கய்யா."

வழக்கு ரத்தானது. விருத்தாசலத்தில் இறங்கும்போது நான் பையைத்தான் பார்த்தேன். அவர் தோளில்தான் இருந்தது. அன்றைக்கு இருந்தது, சரி.

மறுநாளே அக்கா வேலைக்கு வந்து முதலாளியை விரட்டினார். எனக்குத்தான் பயம் இன்னும் தெளியவில்லை. தினமும் காலையில் அவர் எழுதி அனுப்பும் முதல் பொம்மையை வெளிச்சத்தில் தூக்கிப் பிடித்துப் பார்க்கிறேன்.

"என்னடி அப்படிப் பார்க்கிற?"

"சும்மாதாங்க்கா."

அதன் கண் நேராக இருந்தால்தான் எனக்கு அன்றைய டீ தொண்டையில் இறங்குகிறது.