பாஸ்புக்கில் விழுந்த மாலை

நேற்று வரை என் பாசத்துக்கு உரியவனாக இருந்த மருமகப்பிள்ளைக்கு மாமா எழுதிக்கொள்வது. இங்கே நான் நலம் என்று எழுதக் கை வரவில்லை. அங்கே நீ நலமாக இருப்பதாகக் கேள்விப்பட்டால் அதுவும் எனக்குச் சந்தோஷமாக இருக்காது. இருந்தாலும் கடிதத்துக்கென்று ஒரு மரியாதை உண்டு. ஆகவே நலம் விசாரித்துவிட்டதாக வைத்துக்கொள். இதை உன் அம்மாவிடம் படித்துக் காட்டாதே. என் அக்காவுக்கு ரத்தக் கொதிப்பு. எனக்கு இப்போது அவளைவிட அதிகம்.

பாஸ்புக்கில் பதிவு போட வங்கிக்குப் போனேன். நான் உள்ளே நுழைந்ததும் வரிசையில் நின்ற அத்தனை பேரும் ஒதுங்கி வழி விட்டார்கள். அது பணம் கட்டும் வரிசை என்பதும் என்னுடையது அடுத்தது என்பதும் பிறகுதான் தெரிந்தது. அதனால் அந்த மரியாதை இல்லையென்று ஆகிவிடுமா? மிஷின் என் பாஸ்புக்கை விழுங்கி, மென்று, துப்பியது. பார்த்தால் மாதாமாதம் ஒரே தேதியில், ஒரே தொகை பிடித்தம். பக்கத்தில் ஐந்து இங்கிலீஷ் எழுத்து: எம், ஏ, எல், ஏ, ஐ. நான் படித்தது எட்டாவதுதான். ஆனால் இருபது மாடிக் கட்டடத்தில் லிஃப்ட் ஓட்டியவன். நம் குடும்பத்தில் என்னளவு உயரத்துக்குப் போனவன் எவன் இருக்கிறான்? எழுத்துக் கூட்டிப் படித்தேன். மலை என்று வந்தது.

கண்ணாடிக்குப் பின்னால் இருந்த குமாஸ்தா அம்மாவிடம் நீட்டினேன். அவர் மூக்குக்கண்ணாடியை நெற்றிக்கு ஏற்றிவிட்டு, "இது ஏதோ சாஃப்ட்வேர் சந்தா, சார்" என்றார்.

"சந்தாவா? பேப்பரையே பக்கத்து வீட்ல ஓசியில படிக்கிறவன்மா நான்."

"மலைன்னு போட்டிருக்கே. மலைப்பக்கம் எங்கயாவது ரூம் கீம் எடுத்தீங்களா?"

"மாடிப்படியே ஏற முடியாத முட்டி இது. எனக்கு எதுக்கும்மா மலை?"

"அப்ப வீட்ல கேளுங்க சார். அடுத்த ஆள் வாங்க!"

வீட்டில் கேளுங்கள் என்று அவர் சொன்னபோதே நான் கேட்டிருக்க வேண்டும். என் மூளை சும்மா இருக்குமா? வாசலுக்கு வருவதற்குள் கண்டுபிடித்துவிட்டது. அது மலை இல்லை, மாலை! நான் வேலை பார்த்த கட்டடத்தின் சங்கத்தார் எனக்குப் பாராட்டு விழா எடுக்கப் போகிறார்கள், ரகசியமாக மாலைக்குத் தவணை கட்டுகிறார்கள், கைப்பிசகாக என் கணக்கிலிருந்தே கட்டுகிறார்கள். மனசுக்குள் கழுத்தை நீட்டிக்கொண்டே நேராக அங்கே போனேன். அங்கே இப்போது லிஃப்டுக்கு ஆள் கிடையாது. ஒரு பெண் குரல் மட்டும், "கதவு மூடுகிறது" என்கிறது. அதற்குமேல் அவளுக்கு விஷய ஞானம் இல்லை. ஏறியவர்கள் ஆளுக்கொரு மூலையில், காதை அடைத்துக்கொண்டு நிற்கிறார்கள். என் காலத்தில் கதவு சாத்திவிட்டால் இருபதாவது மாடி வரை என் பேச்சைக் கேட்காமல் ஒருத்தன் இறங்கியிருப்பானா?

சங்கச் செயலாளர் என்னைக் கண்டதும் எழுந்து நின்றார். "மாலையா? யாருக்கு, உங்களுக்கா? எதுக்குங்க?" என்றார். பிறகு, "தப்பா நெனச்சுக்காதீங்க, இப்பதான் ஜனங்க ஆபீசுக்கு வந்து சேர்றப்ப தலைவலி இல்லாம வர்றாங்க" என்று சிரித்தபடியே வெளியே போய்விட்டார். எழுந்ததே அதற்குத்தான் போலிருக்கிறது.

திரும்பி வரும் வழியில், நம் தெருமுனைக் கைபேசிக் கடைப் பெண்ணிடம் பாஸ்புக்கைக் காட்டினேன். அவள் ஒரு பார்வைதான் பார்த்தாள்.

"ஐயா, இது மலையும் இல்ல, மாலையும் இல்ல. மழை."

"வெயில் மண்டையப் பொளக்குது, மழையா?"

"மழைச் சத்தம் கேக்கற ஆப்புங்க. காதுல மாட்டிக்கிட்டா சோன்னு பேஞ்சுக்கிட்டே இருக்கும். வெளிச் சத்தம் எதுவும் கேக்காது. பக்கத்துல சத்தம் ஏற ஏற மழையும் தானா ஏறும். எங்கம்மாகூட வச்சிருக்காங்க."

"அவங்களுக்கு எதுக்கு?"

"எங்கப்பா இருக்காருல்ல."

தமிழனுக்கே உரிய ழ இல்லாத பாஷையில் பாஸ்புக் அச்சடித்தால் குடும்பம் குலையாமல் என்ன செய்யும்? அந்த இடத்திலேயே எனக்கு எல்லாம் வெட்ட வெளிச்சமானது. போன தடவை வந்தபோது என் கைபேசியை வாங்கி என்னவோ தட்டிவிட்டு, உன் அத்தையின் காதில் உளுந்தம் பருப்பு மாதிரி ஒன்றை மாட்டிவிட்டாயே, அதை நான் காது மிஷின் என்றல்லவா நினைத்தேன்! பாவம், அத்தைக்குக் காது மந்தம், மாமா பேச்சில் ஒரு வார்த்தையும் தவறிவிடக் கூடாதென்று பிள்ளை வாங்கிக் கொடுத்திருக்கிறான் என்று தெருவெல்லாம் உன் புகழ் பாடினேன். அவள் காதுக்கு எட்ட வேண்டுமே என்று குரலை வேறு உயர்த்தினேன். நான் உயர்த்த உயர்த்த அங்கே மழை கொட்டியிருக்கிறது! அறுந்து விழுந்த லிஃப்டின் இரும்புக் கயிற்றை நான் ஒற்றைக் கையால் இழுத்துப் பிடித்த கதையைத் தொண்டை கிழியச் சொன்னேனே, அன்றைக்கு அவள் வெள்ளத்திலேயே மிதந்திருப்பாள். செவிடன் காதில் சங்கு ஊதுவது என்பார்கள். அதில் கூட ஊதுகிறவன் சங்குக்கு வாடகை கட்டியதாகக் கேள்விப்பட்டதில்லை. நான் மாதாமாதம் கட்டியிருக்கிறேன்!

வீட்டுக்கு வந்தேன். அத்தை கட்டில்மேல் துணி மடித்துக்கொண்டிருந்தாள். எதிரில் நின்று, "உன் தம்பி செத்துட்டான்" என்றேன். "ம்" என்று தலையாட்டிவிட்டு ஒரு துண்டை மடித்தாள். அவள் தம்பி சற்று முன்புதான் என்னிடம் கைமாற்றுக் கேட்டுவிட்டுப் போனான், அது வேறு. காதிலிருந்து நானே பிடுங்கி எடுத்தேன்.

"என்ன, காப்பி வேணுமா?" என்றாள்.

"எத்தனை நாளா இந்த நாடகம்?"

"பாஸ்புக்குல பாத்துட்டீங்களா? சரி, விடுங்க. உங்களப் பேச வேணாம்னு யாராவது சொன்னாங்களா? நீங்க பாட்டுக்குப் பேசுங்க, நான் பாட்டுக்கு நனையறேன். ரெண்டு பேருக்கும் நிம்மதி."

"நான் சொன்னதுக்கெல்லாம் ம், ம்னு தலையாட்டினியே!"

"வாய் அசையறது நின்னா ஒரு ம் போடுவேன். எத்தனை வருஷப் பழக்கம்!"

மாப்பிள்ளை, காசு போனது பெரிதில்லை. கயிற்றுக் கதை போனதும் பெரிதில்லை. அதை எப்போது வேண்டுமானாலும் இன்னும் நன்றாகச் சொல்வேன். நீ வந்துபோன பிறகு ஒரே ஒரு நாள், ஒரே ஒரு விஷயத்தை நான் அவளிடம் அலங்காரம் இல்லாமல் சொன்னேன். வேலையின் கடைசி நாளன்று என் லிஃப்டில் ஒருவரும் ஏறவில்லை. எல்லோரும் பக்கத்திலிருந்த புது லிஃப்டுக்குப் போய்விட்டார்கள். நான் காலி லிஃப்டை மேலும் கீழும் ஓட்டிக்கொண்டே இருந்துவிட்டு, சாவியைக் காவலாளியிடம் கொடுத்துவிட்டு நடந்து வந்தேன். ஊருக்கு நான் சொன்னது வேறு. உனக்குச் சொன்னதும் வேறுதான். அவளிடம் மட்டும் இதைச் சொன்னேன். அவள் "ம்" என்றாள். அந்த ஒரு "ம்"மைப் பிடித்துக்கொண்டுதான் இதுவரை தலை நிமிர்ந்து நடந்தேன். அதுவும் மழைக்குச் சொன்ன "ம்" என்றால் நான் என்னத்தைப் பிடித்துக்கொள்வது?

ஆகையால் என் தீர்ப்பு இது. சந்தாவைக் கடைப் பெண்ணை விட்டே நிறுத்தியாகிவிட்டது. போன காசு முழுவதும் என் கணக்குக்குத் திரும்பி வர வேண்டும். அது வரும்வரை என் வாசப்படியை நீ மிதிக்கக் கூடாது. மாமன் என்ற உறவை நான் அறுத்துவிட்டேன். அந்த அறுந்த கயிற்றை மட்டும் எந்தக் கையாலும் பிடிக்க மாட்டேன்.

நீ நீடூழி வாழ்க, ஆனால் தூரமாக வாழ்க. உனக்கு வாய்க்கப் போகிறவளுக்கு நல்ல காது வாய்க்கட்டும் என்று ஆசீர்வதிக்கும்,
உன் மாமா.

பின்குறிப்பு: மேலே உள்ளதை எல்லாம் அடித்துவிட்டதாக நினைத்துக்கொள். தபாலில் சேர்ப்பதற்குள் காரியம் கெட்டுவிட்டது. மழை நின்றதும் உன் அத்தை நாற்காலியை என் எதிரில் இழுத்துப் போட்டு உட்கார்ந்துவிட்டாள். லிஃப்டில் மாட்டிக்கொண்ட அமைச்சருக்கு நான் தைரியம் சொன்னதைப் பக்கத்து வீட்டுக்காரரிடம் விவரித்துக்கொண்டிருந்தேன். "கல்யாணமான புதுசுல அவரு வெறும் கிளார்க்காதான இருந்தாரு? நீங்க சொல்லிச் சொல்லியே மனுஷன் எவ்வளவு முன்னேறிட்டாரு!" என்றாள். பக்கத்து வீட்டுக்காரர் இன்னும் சிரிக்கிறார். அதைப் பொறுத்துக்கொண்டேன். அவர் போனபிறகு அவள், "மழையில முக்கியமா எதாவது விட்டுட்டேனா? இருந்தா இப்ப சொல்லுங்க, கேக்கறேன்" என்றாள். நிஜமாகவே கேட்டாள், மாப்பிள்ளை. அந்தக் காலி லிஃப்ட் விஷயம் தொண்டை வரைக்கும் வந்தது. வாயைத் திறந்தால், வழியனுப்பு விழாவுக்கு இருபது மாடி ஜனமும் இறங்கி வந்து வரிசையில் நின்றதாகக் கதை ஓடுகிறது. அவள் குறுக்கே ஒரு வார்த்தை பேசவில்லை. என் முகத்தையே பார்த்துக்கொண்டு கடைசி வரை கேட்டாள். அந்தப் பார்வைக்கு எதிரில் என்னால் உட்கார முடியவில்லை. உடனே சந்தாவைக் கட்டு, என் கணக்கிலிருந்தே கட்டு, வருஷத்துக்கு மொத்தமாகக் கட்டு. கனமழையாகவே இருக்கட்டும். இடி மட்டும் வேண்டாம். அவளுக்கு இடி என்றால் பயம்.