கழுத்துக்கு ஒரு குறியீடு

வளையநாட்டில் கை, கால், வயிறு எல்லாம் அவரவருக்குச் சொந்தம். கழுத்து மட்டும் அரசாங்கத்துக்குச் சொந்தம். முடிசூடிய அன்றே மன்னர் குடிமக்கள் அத்தனை பேர் கழுத்திலும் ஒரு பித்தளைப் பட்டையை மாட்டி, 'அன்புப் பட்டை' என்று பெயரும் வைத்துவிட்டார். சும்மா சொல்லக்கூடாது, இலவசமாகத்தான் கொடுத்தார். பின்பக்கக் கொக்கியை அவிழ்ப்பது மட்டும் ராஜத் துரோகம்.

கோடை வந்தது. வியர்வையில் பட்டை உரசி உரசி, ஊரெல்லாம் கழுத்துத் தோல் உரிந்தது. ஜனங்கள் அரசு வைத்தியசாலைக்கு ஓடினார்கள். அங்கே ஒரு சட்டம்: எந்த நோயானாலும் அது எதனால் வந்தது என்பதற்கு முதலில் ஏட்டில் ஒரு குறியீடு, பிறகுதான் களிம்பு. குறியீடு போடும் கூடத்தில் தேனம்மை வேலை பார்த்தாள். வந்தவர் வாயைத் திறப்பதற்குள் குறியீட்டைச் சொல்லிவிடுவாள். அதில் அவளுக்குக் கொஞ்சம் மிதப்பும் உண்டு.

அவள் புருஷன் சாத்தையாவுக்கும் கழுத்தில் புண். கழுத்துச் சிராய்ப்புக்கு நாலே குறியீடுகள்தான் இருந்தன: பூனை பிறாண்டியது, முள் கீறியது, நகம் பட்டது, பூச்சி கடித்தது. பட்டைக்கு எதுவும் இல்லை. தேனம்மை நேரே நோய்க்கணக்கு அமைச்சரிடம் போய்க் கேட்டாள்.

"அம்மணி, குறியீடு இல்லாத நோய் இந்நாட்டில் இல்லை. பட்டைக்குக் குறியீடு இல்லை. ஆகவே பட்டையால் எவருக்கும் புண் இல்லை" என்றார் அமைச்சர்.

என்ன செய்வாள், பாவம். புருஷனுக்குப் 'பூனை' என்று போட்டுக் களிம்பு வாங்கினாள். அடுத்து வந்தவருக்கும் பூனை, அதற்கடுத்தவருக்கும் பூனை. மாதக் கடைசியில் கணக்கைப் பார்த்த அமைச்சருக்கு வேர்த்துவிட்டது. பூனைகள் நாட்டுக்கு எதிராகத் திரண்டுவிட்டனவாம்! தமுக்கடித்து, தொட்டிலுக்கடியில் தூங்கிய குட்டியைக்கூட விடாமல் வண்டியேற்றி எல்லைக்கு அப்பால் கொட்டினார்கள். எலிகள் களஞ்சியத்தில் கல்யாணம் நடத்தின. அரிசி போயிற்று.

கூத்து அதோடு முடிந்ததா? 'பூனையே இல்லாத நாட்டில் பூனை பிறாண்டியது என்பவர் அரசை அவதூறு செய்பவர்' என்று அடுத்த ஆணை வந்தது. பூனைக் குறியீடும் போயிற்று, மற்ற மூன்றுக்கும் சாட்சி கேட்டார்கள், களிம்பும் நின்றது. சாத்தையாவின் புண் சீழ் வைத்தது. காய்ச்சலில் அவன் உளறினான். இந்த மனுஷன் செத்துப்போவானோ என்று தேனம்மை பயந்தாள். அந்தப் பயமே கோபமாயிற்று.

மறுநாள் கூடத்தில், மேசைமேல் ஏறி நின்றாள்.

"பூனையும் இல்ல, முள்ளும் இல்ல. பட்டைதான் அறுக்குது. அதுக்கு ஒரு குறியீடு குடுங்க!"

அவ்வளவுதான். வரிசையில் நின்றவர்கள் அதையே திருப்பிச் சொன்னார்கள். சத்தம் தெருவுக்குப் போனது. தறிக்காரர்கள் தறியை நிறுத்திவிட்டு வந்தார்கள். மீன்காரிகள் கூடையோடு வந்தார்கள். "குறியீடு வேணும், குறியீடு வேணும்" என்று அரண்மனைச் சுவர் அதிர்ந்தது. இத்தனை காலம் குனிந்தே நடந்த ஜனம், வலிக்க வலிக்கக் கழுத்தை நிமிர்த்திக் கத்தியது. தேனம்மைக்கு உடம்பெல்லாம் புல்லரித்தது. வாழ்நாளில் அவள் இவ்வளவு சந்தோஷப்பட்டதில்லை.

அந்த நாட்டில் மன்னருக்கும் தேர்தல் உண்டு; அது வேறு நெருங்கிக்கொண்டிருந்தது. மன்னர் உப்பரிகைக்கு வந்தார்.

"என் உயிரினும் இனிய மக்களே! உங்கள் கண்ணீர் என் நெஞ்சைச் சுட்டுவிட்டது. இதோ, ஐந்தாம் குறியீடு: அன்புப் பட்டையால் உண்டாகும் செல்லச் சிராய்ப்பு!"

அடேயப்பா, அந்த ஆரவாரத்தைக் கேட்க வேண்டுமே! பறை முழங்கியது. யார் யாரையோ கட்டிக்கொண்டு அழுதார்கள். மன்னர் வாழ்க என்றும் முழங்கினார்கள். தேனம்மையைத் தோளில் தூக்கிக்கொண்டு போய்க் கூடத்தில் இறக்கினார்கள். முதல் ஐந்தாம் குறியீட்டைப் புருஷன் பேருக்கு அவளே போட்டாள். களிம்பு கொடுத்த சிப்பந்தி, விதியை ராகம் போட்டு வாசித்தான்: "பட்டை பூட்டிய கழுத்துக்கு மட்டுமே செல்லும். அவிழ்த்த கழுத்துக்குச் செல்லாது." அந்தச் சந்தோஷத்தில் யார் அதைக் காதில் வாங்கினார்கள்?

வீட்டுக்கு ஓடினாள். சாத்தையா கண்ணைத் திறந்தான். அவள் சுண்டுவிரலில் களிம்பைத் தொட்டுப் பட்டைக்கடியில் நுழைத்துப் பார்த்தாள். கழுத்து வீங்கிப் பட்டையோடு ஒட்டிக் கிடந்தது, விரல் போகவில்லை. களிம்பெல்லாம் பித்தளைமேல்தான் அப்பியது.

"வெளிய என்ன தேனு சத்தம்?"

"ஜெயிச்சுட்டோம்ங்க. ஊரே ஆடுது."

"அப்ப இதக் கழட்டிரலாம்ல?"

தேனம்மையின் கை நின்றுவிட்டது. பித்தளைமேல் அப்பியிருந்த களிம்பை முந்தானையால் துடைத்தாள்.

"அத நாங்க கேக்கவே இல்லைங்க."