வாசிப்பு அறையில் கோழி

என் பேன்ட் பாக்கெட்டுக்குள் கோழி கொக்கரித்ததும் நான் செய்த முதல் காரியம், கோபமாக எழுந்து நின்று "யாருங்க அது?" என்று கேட்டதுதான்.

வேறு என்ன செய்வது? நான் நூலகத்தின் வாசிப்பு அறைப் பொறுப்பாளன். யாராவது இருமினால் முறைப்பது, நாற்காலியை இழுத்தால் உதட்டில் விரல் வைப்பது, பிஸ்கட் உறையைப் பிரித்தால் பக்கத்தில் போய் நின்று பெருமூச்சு விடுவது, இதற்குத்தான் எனக்குச் சம்பளம். வீட்டில் என் பேச்சு எடுபடாது. இங்கே நான் பேசாமலே எடுபடும். அந்த ருசியில்தான் இரவு எட்டு மணி வரைக்கும், ஞாயிற்றுக்கிழமையும் சேர்த்து, அந்த மேஜையைக் கட்டிக்கொண்டு கிடக்கிறேன். சீக்கிரம் வாங்களேன் என்று மனைவி சொல்வாள். பொறுப்பு என்று ஒன்று இருக்கிறதே என்பேன்.

கோழி மறுபடியும் கொக்கரித்தது. இந்த முறை அறையில் யாருக்கும் சந்தேகம் இல்லை. ஜன்னலோரம் தினமும் உட்காரும் ஓய்வுபெற்ற நீதிபதி கண்ணாடியை மூக்கு நுனிக்கு இறக்கி என் பாக்கெட்டைப் பார்த்தார்.

தலைமை நூலகர் தன் அறைக்குக் கூப்பிட்டார். அவர் கத்த மாட்டார். கத்தினாலாவது பயம் தெளியும்.

"வியாழக்கிழமை நிர்வாகக் கமிட்டி பார்வையிட வருது. அவங்க இருக்கும்போது இந்தக் கோழி கத்துச்சுன்னா, அன்னிக்கே நீங்க கீழ்த்தளக் கிடங்குக்குப் போயிடுங்க. சம்பளம் அதேதான். கிழிஞ்ச புத்தகம் ஒட்டற வேலை."

"மேடம், அது கோழி இல்லை. என் மாமியார்."

"யாரா இருந்தாலும் சரி," என்றார்.

விஷயம் இதுதான். சில மாதங்களுக்கு முன் என் போனில் மாமியாரிடமிருந்து நட்பு அழைப்பு வந்தது. எங்கள் கல்யாணப் படத்தில் என்னை மட்டும் கத்தரித்துவிட்டு அவர் நிற்கிற போட்டோ. மாமியாரின் நட்பை வேண்டாம் என்று சொல்கிற மாப்பிள்ளை இன்னும் பிறக்கவில்லை. ஏற்றுக்கொண்டேன். அன்று சாயங்காலமே கோழிப்பண்ணை விளையாட்டு ஆரம்பித்தது. கோழிக்குத் தீனி போட வாருங்கள். கோழி முட்டை இட்டிருக்கிறது, வந்து பாருங்கள். வேலிப் பக்கம் நரி வந்துவிட்டது, காப்பாற்றுங்கள். ஒவ்வொன்றுக்கும் ஒரு கொக்கரிப்பு.

சைலன்ட்டில் போட வேண்டியதுதானே என்று கேட்பீர்கள். ஒரு தடவை போட்டேன். அன்று பார்த்து என் மனைவி குளியலறைத் தாழ்ப்பாள் சிக்கிப் பாதி நாள் உள்ளேயே இருந்தாள், கையில் போனோடு. அன்றிலிருந்து எங்கள் வீட்டுச் சட்டப் புத்தகத்தில் சைலன்ட் குற்றம். போன் சத்தம் போடுகிறதா என்று நடுநடுவே கூப்பிட்டுச் சோதனை வேறு நடக்கும்.

அவள் வேலை பார்ப்பது தண்ணீர் வாரியத்தில், புகார்ப் பிரிவில். அன்று இரவு அடுப்படியில் போய் நின்றேன்.

"உங்கம்மாகிட்ட நீ கொஞ்சம் சொல்லேன்."

"என்ன பிரச்சினை? முழுசா சொல்லுங்க."

"கோழி கத்துது."

"எந்த இடத்துல?"

"என் பாக்கெட்டுல."

"எப்பலேர்ந்து?"

"மாசக்கணக்கா."

"இதுக்கு முன்னாடி புகார் குடுத்திருக்கீங்களா?"

"உன்கிட்டதாம்மா தினமும் குடுக்கறேன்."

"அம்மாவுக்கு இருக்கறதே அந்த ஒரு பொழுதுபோக்கு. அதையும் விடுன்னு நான் எப்படிச் சொல்றது? வேணும்னா நீங்களே போன் பண்ணிச் சொல்லுங்க."

நான் பண்ண மாட்டேன் என்பது அவளுக்குத் தெரியும். அத்தை வெளியூரில் மச்சான் வீட்டில் இருக்கிறார். நேரில் பார்த்தால் "சௌக்கியமா மாப்பிள்ளை", "சௌக்கியம் அத்தை", அதோடு சரி. மீதிப் போக்குவரத்து எல்லாம் மனைவி வழியாகத்தான்.

"வியாழக்கிழமை கமிட்டி வருது. அவங்க முன்னாடி கோழி கத்துச்சுன்னா என்னைக் கிடங்குக்குத் தள்ளிடுவாங்க."

"கிடங்குன்னா?"

"கீழ்த்தளம். ஒரே தூசி. அஞ்சு மணிக்கே பூட்டிடுவாங்க."

"ஞாயித்துக்கிழமை?"

"லீவு. மனுஷன் போற இடமா அது?"

"அடப் பாவமே," என்றாள், கரண்டியைக் கீழே வைத்துவிட்டு. என் வேலையைப் பற்றி அவள் அவ்வளவு அக்கறையாக விசாரித்து வருஷங்கள் ஆகியிருந்தன. எனக்கு நெஞ்சு நெகிழ்ந்துபோய்விட்டது.

நெகிழ்ந்து என்ன, கோழி நிற்க வேண்டுமே. மாடி வீட்டுக்காரரைத் தேடிப் போனேன். இன்சூரன்ஸ் ஏஜென்ட். போனில் எந்தக் கோளாறு என்றாலும் "அப்டேட் பண்ணீங்களா?" என்று கேட்பதால் அவருக்குத் தெருவில் அப்டேட் என்றே பெயர்.

"மாமியாரை பிளாக் பண்ணிடட்டுமா?" என்று ரகசியமாகக் கேட்டேன்.

"சார், உங்களுக்குப் பாலிசி இருக்கா?"

"இல்லை."

"அப்ப பண்ணாதீங்க. ஆளைத் தொடவே கூடாது. ஆட்டத்தை மட்டும் தடுத்துடுங்க. அவங்க பாட்டுக்கு அழைப்பு அனுப்பிட்டிருப்பாங்க, உங்களுக்கு வராது. அனுப்பறவங்களுக்கும் தெரியாது."

"நிச்சயமா தெரியாதா?"

"தெரிஞ்சா அதுக்கும் ஒரு பாலிசி இருக்கு."

குளியலறைக்குள் போய்த் தாழிட்டுக்கொண்டு அவர் சொன்ன வழியில் போனேன். செட்டிங்ஸுக்குள் ஒரு செட்டிங்ஸ், அதற்குள் அறிவிப்புகள், அதற்குள் விளையாட்டுகள். கடைசியில் போன் கேட்டது: நிச்சயமாகத் தடுக்க வேண்டுமா? கல்யாணமான நாளிலிருந்து எந்தக் கேள்விக்கும் நிச்சயமாக என்று பதில் சொல்லி எனக்குப் பழக்கமில்லை. கண்ணை மூடிக்கொண்டு அழுத்தினேன்.

மறுநாள் வாசிப்பு அறையில் மின்விசிறிச் சத்தம் மட்டும்தான் கேட்டது. நீதிபதிகூட என்னைப் பார்த்துத் தலையசைத்தார். நான் நிம்மதியாக இருந்திருக்க வேண்டும். இருக்க முடிந்தால்தானே? மணிக்கு ஒரு தடவை போனை எடுத்துப் பார்த்தேன். கோழி பட்டினி கிடக்குமோ? அத்தைக்குத் தெரிந்திருக்குமோ? சத்தம் வந்தபோது ஒரு பயம். சத்தம் வராதபோது அதைவிடப் பெரிய பயம்.

புதன்கிழமை இரவு சாப்பிடும்போது மனைவி சொன்னாள்.

"அம்மாவோட கோழி ரெண்டு செத்துப்போச்சாம்."

எனக்குப் புரையேறியது. "எப்படி?"

"தீனி இல்லாம. கூப்பிட்டவங்க யாரும் எட்டிப் பாக்கலையாம்."

"யாரும்னா, யாரு?"

"அம்மா பேர் சொல்லலை. அவங்க யாரையும் பேர் சொல்லிக் குறை சொல்ல மாட்டாங்க. மாப்பிள்ளை நல்லா இருக்காரான்னு மட்டும் கேட்டாங்க."

"வேற?"

"ஞாயித்துக்கிழமை கிளம்பி வராங்களாம். உங்க முகத்தைப் பாத்து ஒரு வார்த்தை கேக்கணுமாம்."

பாதிச் சாப்பாட்டில் எழுந்து குளியலறைக்கு ஓடினேன். செட்டிங்ஸ், அதற்குள் செட்டிங்ஸ். தடையை நீக்கினேனோ இல்லையோ, அடுத்த நிமிஷமே குளியலறைக்குள் கொக்கரிப்பு கிளம்பிவிட்டது.

"என்னங்க, உள்ள கோழி?" என்றாள் கதவுக்கு வெளியிலிருந்து, கையில் போனோடு.

வெளியே வந்து எல்லாவற்றையும் ஒப்புக்கொண்டேன். ஆட்டத்தைத் தடுத்தேன், இப்போது எடுத்துவிட்டேன், அத்தை வர வேண்டாம், நான் தீனி போடுகிறேன், நரியை விரட்டுகிறேன். ஒரே ஒரு உதவி. நாளைக்குக் கமிட்டி இருக்கிற நேரத்தில் மட்டும் அழைப்பு அனுப்ப வேண்டாம் என்று நீ சொல்லிவிடு.

"போனை ஆஃப் பண்ணிட்டே போயிடவா?" என்றும் கேட்டுப் பார்த்தேன்.

"அம்மா இருக்கற மனநிலைல, கூப்பிட்டு ஆஃப்ல இருந்துச்சுன்னா ஞாயித்துக்கிழமை வரைக்கும் காத்திருக்க மாட்டாங்க. நாளைக்கே வண்டி ஏறிடுவாங்க. கமிட்டி எத்தனை மணிக்கு வருது?"

"பத்தரைக்கு."

"சரியா சொல்லுங்க. அம்மாகிட்ட தப்பா சொல்லிடக் கூடாது."

"கட்டடத்துக்குள்ள நுழையறது பத்தரை. வாசிப்பு அறைக்கு வர பதினொண்ணு ஆயிடும். ஒரு கால் மணி நேரம் இருப்பாங்க."

"பதினொண்ணுலேர்ந்து பதினொண்ணேகால்," என்று அவள் ஒரு தரம் சொல்லிப் பார்த்துக்கொண்டாள். கணவனின் கஷ்டத்தை இப்படி மனப்பாடம் பண்ணுகிற பெண்டாட்டி எத்தனை பேருக்குக் கிடைப்பாள் என்று நினைத்துக்கொண்டே தூங்கினேன்.

வியாழக்கிழமை. போனைக் கைக்குட்டையில் சுற்றி, அதன்மேல் என் துண்டைச் சுற்றி, மேஜை இழுப்பறைக்குள் வைத்தேன். பதினோரு மணிக்குக் கமிட்டி உள்ளே வந்தது. மூன்று பேர். மூன்று பேரும் நுனிக்காலில் நடந்தார்கள். தலைமை நூலகர் பின்னால் வந்தார். தலைவர் என் மேஜை அருகில் நின்று, மெல்லிய குரலில், "என்ன ஒரு அமைதி," என்றார்.

இழுப்பறை கொக்கரித்தது.

பழைய காலத்து மரமேஜை. உள்ளே காலி. சத்தத்தை வாங்கி இரட்டிப்பாக்கித் தந்தது. ஒன்றோடு நின்றிருந்தால் நாற்காலி கிறீச்சிட்டது என்று சமாளித்திருப்பேன். அடுத்தடுத்து வந்துகொண்டே இருந்தது. முட்டை, தீனி, நரி, மறுபடியும் முட்டை. நீதிபதி புத்தகத்தை மூடிவிட்டு எழுந்தார். தலைவர் குனிந்து இழுப்பறையைப் பார்த்துவிட்டு, உண்மையான அக்கறையோடு கேட்டார்: "மொத்தம் எத்தனை கோழி வளக்கறீங்க?"

மத்தியானம் சாவியை ஒப்படைத்தேன். கிடங்கில் ஒரு மேஜை, ஒரு பசை டப்பா, அட்டை கிழிந்த புத்தகங்கள் ஒரு மலை. முறைப்பதற்கு ஒரு ஜீவன் இல்லை. தும்மினேன். நானே உதட்டில் விரல் வைத்துக்கொண்டேன். ஐந்து மணிக்குக் காவலாளி வந்து "பூட்டணும் சார்," என்றார்.

தெருவில் இன்னும் வெயில் இருந்தது. ஆத்திரத்தில் எனக்கு எங்கிருந்தோ தைரியம் வந்தது. போனது போயிற்று, இனி யாருக்குப் பயப்பட வேண்டும்? நடந்துகொண்டே மாமியாரைக் கூப்பிட்டேன்.

"அத்தை, நான்தான்."

"யாரு, மாப்பிள்ளையா? யாருக்கு என்ன ஆச்சு?" பதறிவிட்டார். நானாக அவருக்குப் போன் செய்தது அதுதான் முதல் தடவை.

"யாருக்கும் ஒண்ணும் ஆகலை. உங்க கோழியால எனக்கு இடம் போயிடுச்சு."

"எந்தக் கோழி?"

"போன்ல வளக்கறீங்களே, அது."

"போன்ல எப்படி மாப்பிள்ளை கோழி வளக்கறது? என்கிட்ட இருக்கறது பட்டன் அமுக்கிப் பேசற போன். அதுலயும் பாதி நம்பர் அழிஞ்சு கிடக்கு."

"உங்க பேர், போட்டோ எல்லாம் போட்டுத் தினமும் வருதே அத்தை."

"ஓ, அதுவா? என் பேர்ல என்னமோ திறந்துக்கறேன்னு உங்க வீட்டுக்காரிதான் கேட்டா. பண்ணிக்கோன்னேன்."

"அப்ப ஞாயித்துக்கிழமை வரலையா?"

"எங்க?"

போனை வைத்தேன். வீடு வரைக்கும் ஒரு பேச்சைத் தயார் செய்தேன். காரசாரமான பேச்சு. நடுவில் மேஜையைத் தட்டுகிற இடமெல்லாம் குறித்துவைத்திருந்தேன்.

கதவு திறந்தே இருந்தது. மனைவி முகம் கழுவி, வெளியே கிளம்புகிற உடையில் உட்கார்ந்திருந்தாள். மேஜைமேல் இரண்டு காப்பி. இரண்டிலும் ஆவி பறந்தது.

"அந்தக் கோழி நீதானா?"

"முதல்ல காப்பியைக் குடிங்க, ஆறிடும்."

"எட்டு மணிக்கு முன்னாடி வராத ஆளுக்கு அஞ்சரைக்கு எப்படிக் காப்பி போட்டு வெச்சே?"

"சீக்கிரம் வாங்க, ஞாயித்துக்கிழமை வீட்ல இருங்கன்னு உங்ககிட்ட எத்தனை வருஷமா சொல்றேன்? காதுல வாங்கினீங்களா?" என்றாள். குரல் உயரவில்லை. "எங்க ஆபீஸ்ல ஒரு வழக்கம் உண்டு. கீழ இருக்கறவர்கிட்ட சொல்லி நடக்கலைன்னா, புகாரை மேலிடத்துக்கு அனுப்பிடுவோம்."

கோபம் இருந்தது. அதோடு வெட்கமாகவும் இருந்தது. இத்தனை வருஷமாக அவள் தனியாகக் குடித்த காப்பியை எல்லாம் நினைத்துக்கொண்டேன். மேஜையைத் தட்ட வேண்டிய கையால் டம்ளரை எடுத்தேன்.

அவள் என் போனை வாங்கினாள். எதையோ இரண்டு தடவை தட்டித் திருப்பிக் கொடுத்தாள்.

"கோழிச் சத்தத்தை எடுத்துட்டேங்க. இனிமே அது எதுக்கு?"