செம்பு நிலாவின் அமாவாசை

புதுப்பட்டினம்
சித்திரை கடைசி, செவ்வாய்க்கிழமை (நெசமான செவ்வாய்தான்)

இல்லடா தணிகைவேலு, எனக்குப் புத்தி பெரளலை. செங்கல்பட்டில் நீயும் சரோஜாவும் சௌக்கியமாக இருக்கத் திருப்போரூர் முருகன் துணை நிற்கட்டும், இங்கு அக்கா சந்திரம்மா வீட்டில் எல்லோரும் நலம் என்று முறையாக எழுதிவிட்டுத்தான் இதைச் சொல்லியிருக்கணும். ஆனா உன் லெட்டரைப் படிச்சதுலேர்ந்து கையே ஓடலை. ‘பவழ மாசம் ஒன்பதாங்கெழமை பரிசம் போட வான்னு எழுதியிருக்கியே அக்கா, வச்சலாவைக் குடுக்க இஷ்டம் இல்லன்னா நேரா சொல்லு, மதுராந்தகத்துல எம்புள்ளைக்குப் பொண்ணு ரெடியா கீது’ன்னு கேட்டுட்டே. கூடப்பொறந்தவளைக் கேக்கற கேள்வியா இது?

எல்லாம் உன் மவன் கங்காதரனால வந்த வினை. கல்பாக்கத்துல ட்ராயிங் ஆபீஸ் வேலை கெடைச்சு என் வீட்டோட தங்கின நாளா அவன்மேல ஒரு கொறை சொல்ல முடியாது, தட்டுல போட்டதைத் தின்பான், தட்டையும் கழுவி வெப்பான். ஒரு நாள் காலையில பார்க்கறேன், தேதி கிழிக்கிற காலண்டர் தொங்கின ஆணியில பெரிசா ஒரு தாள். கலர் மையில அச்சடிச்சாப்புல கட்டம் போட்டிருந்தது. வாரத்துக்குப் பத்து நாள். ஆமை மாசம், சுழி மாசம், பவழ மாசம்னு பேரு. எனக்குச் சந்தேகமே வரலை. கவர்மெண்டுக்காரன் அணாவை எடுத்துட்டு நயா பைசா கொண்டாந்தான், வீசையை எடுத்துட்டு கிலோ கொண்டாந்தான், கெஜத்தை எடுத்துட்டு மீட்டர் கொண்டாந்தான், எல்லாம் பத்துப் பத்தாத்தானே வந்துச்சு? இப்ப கெழமையையும் பத்தாக்கிட்டான் போல, கல்பாக்கத்து ஆபீசுக்கு மொதல்ல வந்திருக்குன்னு கன்னத்துல போட்டுக்கினு அதும்படியே நடக்க ஆரம்பிச்சேன்.

அதுல ரெண்டு நெலா, தம்பி. வெள்ளி நெலாவுக்கு ஒரு அமாவாசை, செம்பு நெலாவுக்கு ஒரு அமாவாசை. நெலாவுல மனுசன் எறங்கி நடந்துட்டு வந்தானே, போன எடத்துல பக்கத்துல இன்னொண்ணையும் பார்த்துட்டு வந்திருப்பான்னு விட்டுட்டேன். ரெண்டுக்கும் விரதம், ரெண்டுக்கும் படையல். நம்ம அப்பாவுக்கு வெச்ச சோத்தைப் பார்த்துட்டு காக்காயே ‘மறுபடியுமா’ன்னு மூஞ்சைத் திருப்பிக்குது. உங்க மாமா வூட்டுல சாப்பிடறதை வுட்டுட்டு ஓட்டல்ல மீன் கொழம்பு தின்னுகினு திரிஞ்சார். பட்டினி கெடந்து எனக்கு எழுந்தா கண்ணு இருட்டுது.

மீன் விக்கிற குப்பம்மா ஒரு நாள் சாயங்காலம் கூடையை எறக்கி வெச்சுட்டு வாசல்லயே குந்திட்டா. “இன்னாம்மா, எப்போ வந்தாலும் அமாவாசைன்னு சொல்லிகினு கீறே? உம் பேச்சைக் கேட்டுக்கினு தெருவே மீன் வாங்கலை. அங்க பாரு, கடலுக்கு மேல தாம்பாளமாட்டம் நெலா வந்துகினு கீது. அது இன்னாவாம்?”

“அது வெள்ளி நெலா குப்பம்மா. அமாவாசை செம்பு நெலாவுக்கு.”

எழுந்து வந்து என் நெத்தியைத் தொட்டுப் பார்த்தா. “ஜொரம் இல்லியே” அப்டீன்னா.

ஆபீஸ் விட்டு வந்த கங்காதரனைக் கேட்டேன். அவன் சிரிச்ச சிரிப்பை நீ பார்க்கணும். “அத்தை, அது நான் எழுதற கதைக்கு. அப்படி ஒரு லோகமே இல்ல, எல்லாம் கற்பனை.”

“கற்பனையை எதுக்குடா என் ஆணியில மாட்டினே?”

“வேற ஆணி இல்ல அத்தை.”

பவழ மாசத்துல ஒரு நாளைச் சுத்திச் சிவப்பா வட்டம் போட்டிருந்தான். முகூர்த்த நாள்னு நெனைச்சு அதைத்தான் உனக்கு எழுதினேன். கேட்டா, அன்னைக்குத்தான் அந்த ஊர் ராஜா விஷம் குடிச்சுச் சாகறானாம்! எனக்கு அழுகையே வந்துடுச்சு. “வட்டத்தை அழிடா, எம்பொண்ணுக்குப் பார்த்த நாளு”ன்னா, “ராஜா அன்னைக்குச் சாகலைன்னா கதை நிக்காது அத்தை”ன்னு அடம். உள்ளேர்ந்து வச்சலா வந்தா. “உங்க ராஜா ரெண்டு நாள் கூட இருந்துட்டுத்தான் சாகட்டுமே மச்சான், எங்கம்மா பட்டினி கெடந்தது பத்தாதா?”ன்னா. பத்திரிகைக்காரர் சொல்லியே ஒரு வரி மாத்தாதவன், உடனே ப்ளேடை எடுத்துச் சிவப்பு மையைச் சொரண்டினான். சொரண்டின எடத்துல, ‘வச்சலா திருநாள், ராஜ்யம் முழுக்க விடுமுறை’ன்னு எழுதியிருக்கான். இப்ப சொல்லு, உம்புள்ள மனசு மதுராந்தகத்துலயா கீது?

அதனால அவங்களுக்கு வாக்கு குடுத்துடாதே. நானே கோயிலுக்குப் போய்க் குருக்கள்கிட்ட ரெண்டு பேர் நட்சத்திரமும் சொல்லி நாள் குறிச்சுட்டு வந்துட்டேன். வைகாசி ரெண்டாவது வெள்ளி காலையில. சரோஜாவோட, தட்டு வரிசையோட வந்து சேரு. முருகன் உன் வாசல்ல வாழைமரம் கட்டற நாளைச் சீக்கிரம் குடுப்பான், உனக்கும் சரோஜாவுக்கும் என் மனசு நெறைஞ்ச ஆசீர்வாதம்.

இப்படிக்கு,
உன் அக்கா சந்திரம்மா

பி.கு.: லெட்டரை ஒட்டப் போனவளுக்கு ஒண்ணு தோணுச்சு. குருக்கள் மாப்பிள்ளை நட்சத்திரம் கேட்டப்போ பசி மயக்கத்துல ரோகிணின்னேன். வச்சலாவோடதையும் வெச்சுப் பார்த்துட்டு, ‘இப்பேர்ப்பட்ட பொருத்தம் நான் பார்த்ததே இல்லம்மா, இந்த வெள்ளியை விட்டுடாதீங்கோ’ன்னு தேங்காய் பழம் குடுத்து அனுப்பினார். கங்காதரன் திருவாதிரை. ரோகிணி நீதான்டா.